எந்தக் கடல்

மூன்றாம் நாள் மழை விட்டபோது
தலைஞாயிறுக்குக் கிழக்கே வரப்பு என்று ஒன்றுமில்லை.
பதினோரு கிராமத்துச் சம்பா ஒரே தண்ணீராகக் கிடந்தது,
எந்தப் படத்திலும் இல்லாத கடல்.
அலை இருந்தது. அக்கரை இல்லை.
நடுவில் ஒரு டிரான்ஸ்பார்மர் தீவாகி
அதன்மேல் ஏழெட்டு நீர்க்காகம்.

நான் லஸ்கர். கடைமடை ரெகுலேட்டரில்
ஒன்பது ஷட்டர், அதில் இரண்டு பழுது.
முதுகுக்குப் பின்னால் நிஜக் கடல்,
பௌர்ணமிக்கு மறுநாள், ஏறிக்கொண்டிருந்தது.
முகத்துக்கு எதிரே இது.
நடுவே கிரீஸ் தடவிய ஒரு கைப்பிடி.

ஆறு மணிக்குள் பொழுது போனது.
போன பிறகுதான் ஆரம்பித்தது.

மேலே ஒன்றுமில்லை. வானம் அடுப்புச் சாம்பல்,
நிலா இன்னும் கிளம்பவில்லை.
வெளிச்சம் கீழேயிருந்து வந்தது.
முதலில் வெங்காயத் தோலின் நிறம்.
பிறகு, மஞ்சள் நீரில் சுண்ணாம்பு விழுந்து
இன்னும் கலங்காத அந்த நொடியின் நிறம்.
அப்புறம் பெயர் சொல்ல வராத ஒன்று:
காய்ச்சலில் கண்ணை மூடினால் உள்ளே தெரியுமே, அது.
நீர்க்காகங்களுக்கு அடிவயிறு விடிந்தது, முதுகு இருண்டது.
தவளைகள் ஒரே மூச்சில் நிறுத்திக்கொண்டன.

அடியில் பயிர் தெரிந்தது.
அறுபது நாள் பயிர், தோகை தோகையாக,
எக்ஸ்ரே படத்தில் விலா எலும்பு போல.
வரப்பு தெரிந்தது. வரப்பில் நண்டுவளை தெரிந்தது.
உதிராபதியும் அவர் தம்பியும்
ஆறு வருஷமாக முன்சீப் கோர்ட்டில் தேடும் எல்லைக்கல்
ஒருக்களித்துப் படுத்திருந்தது
இருவர் பக்கமும் சேராமல், வாய்க்காலுக்குள்.

தையல்நாயகி முட்டளவுத் தண்ணீரில்
ரெகுலேட்டர் படிவரை வந்தாள்.
தூக்கிச் செருகிய சேலைக்குக் கீழே
அவள் கால்கள் இரண்டும் எரிந்தன.
ஒரு கை அள்ளி வாயில் விட்டுத் துப்பினாள்.
"கரிக்கல.
அந்தா பாரு, மோட்டார் கொட்டாய்க்குத் தெக்கால என்னுது.
பச்சையாத்தான் நிக்குது, உசுரோட.
தூக்கு ஷட்டர."

தூக்கினால் இது அங்கே போகாது,
அது இங்கே வரும். முக்கால் அடி உயரம்.
அவளுக்குத் தெரியாததா.
முன்னொரு புயலில் உப்பேறிய மண்ணை
ஜிப்சம் போட்டு, எருவடித்து, எருவடித்து
நாலு வருஷத்தில் மீட்டவள்.
இருந்தாலும் சொன்னாள்.
கண்ணெதிரே உயிரோடு ஒன்று தெரியும்போது
வேறென்ன சொல்வது.

உதவிப் பொறியாளர் போனில் கேட்டார்:
"கடல் மட்டம் என்னய்யா?"
"எந்தக் கடல் சார்?"
ஒரு கணம் லைனில் மழையிரைச்சல்,
அவர் ஊரில் இன்னும் பெய்துகொண்டிருந்தது.
"குடிச்சிருக்கியா" என்றார்.

இருபத்திரண்டு நிமிஷம்.
அணைந்தது என்று சொல்ல மாட்டேன்,
ஈர விறகில் கங்கு உள்வாங்குவது போல
ஓரங்களிலிருந்து உள்ளே போயிற்று.
மோட்டார் கொட்டாய் போயிற்று. தெற்கால் போயிற்று.
கடைசியாக எல்லைக்கல்.
பிறகு தவளைகள்.

இரண்டே முக்காலுக்கு வற்றம்.
ஏழு ஷட்டரையும் நானும் அவளுமாகச் சுற்றினோம்.
ஆகாயத்தாமரை, ஒரு பிளாஸ்டிக் குடம், ஒற்றைச் செருப்பு,
ஊறிய வைக்கோல் வாசம்,
வெறும் கறுப்புத் தண்ணீர்
இரைந்துகொண்டு கடலுக்குள் போனது.
விடியும்வரை டார்ச் அடித்துப் பார்த்தோம்.
என்ன தேடுகிறாய் என்று
அவளும் கேட்கவில்லை, நானும் கேட்கவில்லை.

எட்டாம் நாள் காப்பீட்டுக்காரர் வந்தார்.
சேதத்துக்குக் காரணம்:
ஆற்று வெள்ளமா, கடல்நீர் உட்புகுந்ததா,
ஒன்றில்தான் டிக் அடிக்கலாம்.
அழுகல் நாற்றத்துக்கு மூக்கைப் பொத்தியிருந்தார்.
தெற்கு மூலையில் ஒரு மாவுக்கும் குறைவாகக்
குருத்து விட்டிருந்ததை அவருக்கு யாரும் காட்டவில்லை.
தையல்நாயகி என்னைப் பார்த்தாள்.
"கடல்தான்" என்றாள். "ஆனா கரிக்கல."

அவர் பேனாவை மூடி
ஜீப்புக்கு நடந்த வழியில்
உதிராபதியின் தம்பி இடுப்பளவு நீரில் நின்று
ஒரு மூங்கில் கழியை ஊன்றிக்கொண்டிருந்தான்
வாய்க்காலுக்குள்,
ஏறத்தாழ அந்த இடத்தில்.